சார்லஸ் ஹூஸ்டனையும் படிக்க வேண்டும்

அமெரிக்காவின் அரசுப் பள்ளிகளில் கறுப்பினக் குழந்தைகளைத் தனியே பிரித்து வைப்பது செல்லாது என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 1954-இல் தீர்ப்பளித்தது. அந்தத் தீர்ப்பு வந்த பிரவுன் வழக்கு என்றாலே அதில் வாதாடி வென்ற துர்குட் மார்ஷலின் பெயர்தான் நினைவுக்கு வரும். அந்தப் புகழுக்கு மார்ஷல் முழுத் தகுதி உள்ளவர். ஆனால் அவரைத் தயார் செய்து, எந்த வழக்கை முதலில் தொடுப்பது என்று வகுத்துக் கொடுத்த சார்லஸ் ஹாமில்டன் ஹூஸ்டனை விட்டுவிட்டால், அந்த வெற்றி எப்படிக் கிடைத்தது என்பதே விளங்காது.

வாஷிங்டனில் 1895-இல் பிறந்தவர் ஹூஸ்டன். அப்பா வழக்கறிஞர். மகனோ ஆங்கிலம் கற்பித்துக்கொண்டிருந்தார். முதல் உலகப் போரில் அமெரிக்கா இறங்கியதும், அயோவா மாநிலத்தில் கறுப்பினத்தவருக்கெனத் தனியே நடந்த அதிகாரிகள் பயிற்சி முகாமில் சேர்ந்து 1917-இல் லெப்டினன்ட் ஆனார்.

அற்பக் குற்றச்சாட்டுகளுக்காகக் கறுப்பின வீரர்கள் ராணுவ நீதிமன்றத்தில் கடும் தண்டனை பெறுவதை உள்நாட்டு முகாமிலேயே பார்த்துவிட்டார். பிரான்சில் நிலைமை இன்னும் மோசம். வான் நகரில் ஓர் இரவு, அவரையும் உடனிருந்த கறுப்பின அதிகாரிகளையும் சொந்த ராணுவத்தின் வெள்ளையின வீரர்களே சூழ்ந்துகொண்டு கொன்றுவிடுவதாக மிரட்டினார்கள். ராணுவக் காவல் அதிகாரி ஒருவர் வந்து தலையிட்டதால்தான் உயிர் தப்பினார்கள். போர் முடிந்து உயிரோடு திரும்பினால் சட்டம் படிப்பது, எதிர்த்து நிற்க வழியற்றவர்களுக்காகப் போராடுவது என்று அப்போதே முடிவெடுத்ததாகப் பின்னாளில் எழுதினார்.

ஹார்வர்டு சட்டக் கல்லூரியில் 1919-இல் சேர்ந்தார். அதன் புகழ்பெற்ற சட்ட இதழின் ஆசிரியர் குழுவில் இடம்பெற்ற முதல் கறுப்பினத்தவர் அவர். வாஷிங்டனில் உள்ள ஹோவர்டு பல்கலைக்கழகச் சட்டக் கல்லூரியை நடத்தும் பொறுப்பு 1929-இல் அவரிடம் வந்தது. மாலை வகுப்புகளை மூடி, முழுநேரப் படிப்பாக்கி, மாணவர்களைக் கசக்கிப் பிழிந்தார். சமூகத்தைச் சீரமைக்க உதவாத வழக்கறிஞர் ஒட்டுண்ணி என்று முகத்துக்கு நேரே சொல்வார். பலர் தாக்குப்பிடிக்கவில்லை. தாக்குப்பிடித்த மார்ஷல் 1933-இல் முதல் மாணவராகத் தேறினார்.

ஹூஸ்டனின் வியூகத்தைச் சற்று நின்று கவனிக்க வேண்டும். 'தனித்தனியாக, ஆனால் சமமாக' என்ற ஏற்பாடு செல்லும் என்று 1896-இல் உச்ச நீதிமன்றமே சொல்லியிருந்தது. எடுத்த எடுப்பில் அதோடு மோதினால் தோல்விதான். எனவே, சமம் என்கிறீர்களே, அதை முழுதாகக் கொடுங்கள் என்று கேட்டார். முதல் குறி சட்டக் கல்லூரிகள். தென் மாநிலங்களில் பெரும்பாலானவற்றில் கறுப்பினத்தவருக்கு அரசு சட்டக் கல்லூரியே கிடையாது. ஓரிரு மாணவர்களுக்காகத் தனிக் கல்லூரி கட்டுவது எந்த அரசுக்கும் கட்டுப்படியாகாது. நல்ல சட்டக் கல்லூரி எப்படி இருக்கும் என்று நீதிபதிகளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதும் இல்லை.

மேரிலாண்டில் சட்டக் கல்லூரியில் இடம் மறுக்கப்பட்ட டொனால்டு மரேக்காக அவரும் மார்ஷலும் சேர்ந்து வாதாடி 1935-இல் வென்றார்கள். மிசௌரி அரசு, சட்டம் படிக்க இடம் கேட்ட லாயிட் கெயின்ஸிடம், வெளிமாநிலத்தில் போய்ப் படி, கட்டணம் கட்டுகிறோம் என்றது. அது சமத்துவம் ஆகாது என்று 1938-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மூன்றே மாதங்களில் கெயின்ஸ் சிகாகோவில் காணாமல் போனார். அவர் என்ன ஆனார் என்பது இன்றுவரை தெரியவில்லை.

ஆதாரம் திரட்டுவதில் ஹூஸ்டனுக்கு இருந்த பிடிவாதம் அசாதாரணமானது. 1930-களில் கேமராவோடு தென் கரோலினாவின் கிராமப் பள்ளிகளுக்குப் போய்ப் படமெடுத்தார். கறுப்பினக் குழந்தைகளுக்குப் பலகை அடித்த கொட்டகை, வெள்ளையினக் குழந்தைகளுக்குச் செங்கல் கட்டடம். இரண்டும் ஒரே மாநிலத்தின் பள்ளிகள்.

இந்தப் பாதை மிகவும் மெதுவானது என்ற குறையில் உண்மை உண்டு. மரே கல்லூரிக்குள் நுழைந்தபோது அந்தக் கொட்டகைக் குழந்தைக்கு எதுவும் மாறிவிடவில்லை. ஆனால் தென் மாநிலங்களில் வாக்குரிமையே பறிக்கப்பட்டிருந்த மக்களுக்குச் சட்டமன்றத்தில் யார் பேசுவார்கள்? நீதிமன்றத்தை நம்பியதைத் தவிர அவர்களுக்கு வேறு வழி அதிகம் இருக்கவில்லை.

அரசு கொடுத்த பதவியிலும் ஹூஸ்டன் வளைந்து போகவில்லை. வேலைவாய்ப்பில் பாகுபாட்டைத் தடுக்கும் மத்திய அரசுக் குழுவில் உறுப்பினராக இருந்தார். வாஷிங்டன் டிராம் நிறுவனம் கறுப்பின ஓட்டுநர்களை எடுக்க மறுத்த விவகாரத்தில், குழு உத்தரவிடுவதை அதிபர் ட்ரூமன் தடுத்தார். 1945 டிசம்பரில் ஹூஸ்டன் பதவியை உதறினார். ஓயாத உழைப்பு இதயத்தைப் பாதித்தது. 1950 ஏப்ரலில், 54 வயதில் இறந்தார்.

பிரவுன் தீர்ப்பைப் பேசும் சட்டக் கல்லூரி வகுப்புகளில் மரே, கெயின்ஸ் வழக்குகளையும் நடத்த வேண்டும். அவசரமாகப் பொதுநல வழக்குப் போட்டுத் தோற்று, பாதகமான முன்னுதாரணத்தை உருவாக்கிவிடும் ஆபத்து இளம் வழக்கறிஞர்களுக்கு எப்போதும் உண்டு. எந்த வழக்கு முதலில், மனுதாரர் யார், எந்த நீதிமன்றம், கையில் என்ன ஆதாரம் என்று ஹூஸ்டன் போட்ட கணக்கை அவர்கள் வரிக்கு வரி படிக்கட்டும்.