பாதுகாப்புக் கட்டளை கிடைத்த பின் யார் பாதுகாப்பது?

வீட்டுக்குள் நடந்த அடிதடி வழக்காகிவிட்டால், ஒரு தவணைக்கும் அடுத்த தவணைக்கும் இடையில் பாதிக்கப்பட்டவர் எங்கே இருப்பது? சந்தேகநபர் பிணையில் வந்துவிடுகிறார். அவர் அந்நியர் அல்லர். கணவர், கணவரின் தம்பி, சில வேளை பெற்ற மகன். முற்றமும் கிணறும் ஒன்று. இந்த நிலையில்தான் பலர் "பொலிஸ் பாதுகாப்புத் தாருங்கள்" என்று நீதிமன்றத்திடம் கேட்கிறார்கள்.

சட்டத்தில் வழி இருக்கிறது. 2005 ஆம் ஆண்டின் 34 ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் பாதிக்கப்பட்டவரோ, அவர் சார்பில் ஒரு பொலிஸ் உத்தியோகத்தரோ நீதிவான் நீதிமன்றத்தில் விண்ணப்பிக்கலாம். அவசரமானால் நீதிவான் இடைக்காலக் கட்டளை வழங்கலாம். விசாரணையின் பின் வழங்கப்படும் பாதுகாப்புக் கட்டளை அதிகபட்சம் 12 மாதங்கள் செல்லும். அதை மீறினால் ஒரு வருடம் வரை சிறை, அல்லது 10,000 ரூபா வரை தண்டம், அல்லது இரண்டும். இன்றைய விலைவாசியில் அந்தத் தண்டம் யாரைத் தடுக்கும் என்பது வேறு கதை.

ஆனால் கட்டளை என்பது ஒரு தாள். இரவு பத்து மணிக்குப் படலை உதைக்கப்படும்போது வர வேண்டியவர்கள் பொலிஸார். வடக்கு கிழக்கில் சிக்கல் தொடங்குவது இங்கேதான். காணாமல் ஆக்கப்பட்டவரைத் தேடி ஒரு காலத்தில் பொலிஸ் நிலையப் படியேறி வெறுங்கையோடு திரும்பியவர்களிடம், அதே படியில் ஏறி இன்னொரு உறவைப் பற்றி முறையிடச் சொல்கிறோம். வடக்கு கிழக்கின் நிர்வாக மொழி தமிழ் என்று அரசியலமைப்பு சொன்னாலும், சிங்களத்தில் எழுதப்பட்ட வாக்குமூலத்தில் கையொப்பமிட்ட அனுபவம் எங்கள் ஊர்களில் புதிதல்ல. தான் சொன்னதுதான் அதில் இருக்கிறதா என்று வாசித்துப் பார்க்க முடியாதவர், பிறகு சாட்சிக் கூண்டில் அதே வாக்குமூலத்தை வைத்துக் குறுக்கு விசாரணை செய்யப்படுகிறார்.

அதோடு, "குடும்பப் பிரச்சினைதானே, கதைத்துத் தீருங்கள்" என்று இரு தரப்பையும் கூப்பிட்டு அனுப்பிவிடும் பழக்கமும் இருக்கிறது. காணிச் சண்டைக்கு அது சில வேளை உதவலாம். எலும்பு முறிந்த பிறகு அது சமரசமல்ல, அச்சுறுத்தல்.

ஆகவே பொதுவாகப் "பாதுகாப்பு" என்று கேட்பதால் மட்டும் பெரிய பயன் இல்லை. எந்தப் பொலிஸ் நிலையமும் ஒரு வீட்டு வாசலில் ஆள் நிறுத்தப் போவதில்லை. எதிர்த்தரப்பு வீட்டுக்குள்ளோ, வேலைத்தலத்துக்கோ, பிள்ளைகளின் பாடசாலைக்கோ வரக்கூடாது. தொலைபேசியில் தொந்தரவு செய்யக்கூடாது. ஆயுதம் இருந்தால் பொலிஸார் கைப்பற்ற வேண்டும். உடைமைகளை எடுக்கப் போகும்போது ஓர் உத்தியோகத்தர் கூட வர வேண்டும். இப்படித் தனித்தனியாகக் கேட்க வேண்டும். தெளிவாக எழுதப்பட்ட நிபந்தனை மீறப்பட்டால், "எங்களுக்குத் தெரியாது" என்று பொறுப்பதிகாரி சொல்வது கடினம்.

வழக்கை வாபஸ் வாங்கச் சொல்லி மிரட்டினால் அது வேறொரு குற்றம். பாதிக்கப்பட்டோரையும் சாட்சிகளையும் பாதுகாக்கும் 2023 ஆம் ஆண்டின் 10 ஆம் இலக்கச் சட்டம் அதற்கென இருக்கிறது. மிரட்டியவர் மாமியாரோ ஊர்ப் பெரியவரோ என்றாலும் சட்டம் ஒன்றுதான். ஆனால் அப்படி முறைப்பாடு செய்தவர் அதே ஊரில்தான் நாளையும் தண்ணீர் அள்ள வேண்டும்.

இன்னொன்றையும் பலர் கவனிப்பதில்லை. எங்கள் நீதிமன்றங்களில் குற்றவியல் வழக்கு 12 மாதங்களில் முடிவது அபூர்வம். கட்டளை காலாவதியாகும் திகதியைக் குறித்து வைத்து, அதற்கு முன்பே நீடிப்புக்கு விண்ணப்பிக்கும்படி சட்டத்தரணியிடம் சொல்லுங்கள். கட்டளையின் ஒரு பிரதியை அயல்வீட்டில் கொடுத்து வையுங்கள்.