மணவிழாவிற்கு முதன்முறை செல்லும் இளைஞர்க்கு

திருமண அழைப்பிதழைக் கையில் வாங்கும் இளைஞன் ஒருவன் மகிழ்வதற்கு மாறாக அஞ்சுகின்றான் எனில், பிழை அவனிடத்தில் இல்லை. அவனைச் சூழ்ந்துள்ள குமுகாயத்தில் இருக்கின்றது.

சென்ற திங்களில் நம் பழைய மாணாக்கர் ஒருவர் நம் இல்லத்திற்கு வந்திருந்தார். கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையில் ஒப்பந்தத் தொழிலாளராகப் பணி செய்பவர். உடன் பணியாற்றும் நண்பர்க்குப் பொன்னேரியில் திருமணம். இதுவரை தந்தையின் பின்னே மணவிழாக்களுக்குச் சென்றவரேயன்றித் தம் பெயர் எழுதிய அழைப்பிதழைப் பெற்றவரல்லர். "ஐயா, எதை உடுத்துவது, எதைக் கொடுப்பது என்று ஒன்றும் விளங்கவில்லை. உடன் வேலை செய்வோர் ஆளுக்கு இரண்டாயிரம் உருபா மொய் எழுதப் போகிறார்களாம். எல்லாரும் ஒரே நிறத்தில் பளபளப்புச் சட்டை எடுக்கவும் முடிவு செய்துவிட்டார்கள். வட்டிக்குக் கடன் வாங்குவதா, இரவுப் பணி இருப்பதாகச் சொல்லிப் போகாமலே இருந்துவிடுவதா என்று எண்ணிக்கொண்டிருக்கிறேன்" என்றார். அவர்க்கு நாம் கூறியவற்றையே இங்கு விரித்தெழுதுகின்றோம். அவரைப் போல் அஞ்சி ஒதுங்கும் இளைஞர் இன்று ஊர்தோறும் உளர்.

முதற்கண், மணவீட்டிற்குச் செல்வோன் யாவன் என்பதைத் தெளிந்துகொள்ள வேண்டும். அவன் வேடிக்கை பார்க்கச் செல்பவனல்லன். கடன் கட்டச் செல்பவனுமல்லன். அவன் ஒரு சான்றாளன். அகநானூற்றின் 86ஆம் பாட்டில் நல்லாவூர் கிழார் ஒரு தமிழ்த் திருமணத்தைக் காட்டுகின்றார். புதுமணல் பரப்பிய பந்தர், விளக்கு, மாலை, உழுந்து கலந்த சோறு. மகப்பெற்ற மகளிர் நால்வர் கூடி மணமகளை நீராட்டி, நீரொடு பூவும் நெல்லும் அவள் கூந்தலிற் பொருந்துமாறு தூவி வாழ்த்துகின்றனர். வந்தவர் கொணர்ந்த பொன் எத்துணை, பொருள் எத்துணை என்னும் பேச்சு அப் பாட்டில் எங்கும் இல்லை.

இக்காலச் சட்டமும் இதனையே வேறு வகையாற் கூறுகின்றது. அறிஞர் அண்ணா முதலமைச்சராக இருந்தபொழுது, 1967ஆம் ஆண்டில் சட்டமன்றத்தில் நிறைவேறி, 1968இல் குடியரசுத் தலைவரின் ஒப்புதல் பெற்ற தன்மதிப்புத் திருமணச் சட்டம், உறவினர், நண்பர், பிறர் ஆகியோர் முன்னிலையில் மணமக்கள் ஒருவரையொருவர் ஏற்றுக்கொண்டு, மாலை மாற்றியோ கணையாழி அணிவித்தோ தாலி கட்டியோ செய்துகொள்ளும் மணத்தைச் செல்லும் மணமாக ஏற்றது. தீ வேண்டும் என்று அது கேட்கவில்லை. முன்னிலையில் மாந்தர் இருத்தலையே கேட்டது. எனவே, நண்பன் மணத்தில் நீ நிற்கும் நிலையே நீ கொண்டு செல்லும் முதற்பரிசு. இரவுப் பணியெனப் பொய் கூறி நீ ஒதுங்கினால், அவன் இழப்பது இரண்டாயிரம் உருபாவையன்று, ஒரு சான்றாளனை!

இனி மொய்யைப் பார்ப்போம். மொய்த்தல் என்பது நெருங்கிச் சூழ்தல். மணச்செலவால் ஒரு குடும்பம் தளர்ந்துவிடாமல் ஊரார் சூழ்ந்து நின்று தாங்கிய ஏற்பாடே மொய். அதைப் பழிக்க மாட்டோம். ஆனால் மொய் வேறு, அன்பளிப்பு வேறு. மொய் ஏட்டில் ஏறுவது. ஒருநாள் திரும்பி வர வேண்டுவது. ஆகையால் முதன்முறை மொய் எழுதுவோன், புறப்படுமுன் தாயிடமோ தந்தையிடமோ வீட்டு மொய்யேட்டைக் கேட்டுப் பார்த்தல் வேண்டும். அவ்வீட்டார் முன்னர் நமக்குச் செய்திருந்தால், அதனினும் குறையாமல் திருப்புதல் முறை. அத்தகைய கொள்வினை கொடுப்பினை இல்லாத புது நண்பனாயின், நாம் கூறும் அளவு ஒன்றே: உன் ஒரு நாள் உழைப்பின் ஊதியத்திற்கு மேல் எழுதாதே. நூற்றொன்று எழுதினாலும் அது மொய்யே. வட்டிக்கு வாங்கி எழுதிய ஆயிரத்தொன்றில் நண்பனுக்குச் செல்வது ஒருமுறை. வட்டிக்காரனுக்குச் செல்வதோ திங்கள்தோறும்!

அடுத்தது உடை. மணவிழாவில் ஒளிர வேண்டியவர் மணமக்கள், விருந்தினர் அல்லர். வெளுத்துத் தேய்த்த பருத்தி வேட்டியும் எளிய சட்டையும், பெண்டிராயின் பருத்திச் சேலையும் எந்த மணவிழாவிற்கும் போதும். புதிதாக எடுத்தே தீர வேண்டுமென்னும் கட்டாயமில்லை. தூயதாக இருத்தலே கட்டாயம். எடுப்பதாயின், ஒரு நாள் அணிந்து மடித்து வைக்கும் செயற்கை இழைச் சட்டையை விடுத்துக் கைத்தறி எடுக்க. 2006 முதல் வழங்கப்படும் கைத்தறிக் குறி துணியில் உள்ளதா எனப் பார்த்து வாங்குக. 1935இல் தோன்றிய கோ-ஆப்டெக்சு கூட்டுறவுக் கடைகள் இதற்கென்றே உள்ளன. நம் திருவள்ளூர் மாவட்டத்து அம்மையார்குப்பம், பொதட்டூர்ப்பேட்டை முதலிய ஊர்களில் தறியை நம்பி வாழும் குடும்பங்கள் உள. கும்மிடிப்பூண்டிக்கு அணித்தேயுள்ள பழவேற்காட்டில் ஒல்லாந்தர் 1613இல் கோட்டை கட்டியது, இப்பகுதித் துணியைக் கீழைத்தீவுகளுக்குக் கொண்டுசென்று நறுமணப் பொருள்களுக்கு மாற்றுவதற்கே. கடல் கடந்து விரும்பப்பட்ட துணி பிறந்த மண்ணில் நின்றுகொண்டு, வேட்டி எளியோர் உடையென்று நாணுவது என்ன அறியாமை!

அந்த நாணத்தை ஊட்டியவர் எவர் என்பதும் நினைவிருக்கட்டும். 2014ஆம் ஆண்டு சூலைத் திங்களில், சென்னைச் சேப்பாக்கத்து மட்டைப்பந்துக் கழக மன்றம் ஒன்றில் நடந்த நூல் வெளியீட்டிற்கு வேட்டி உடுத்திச் சென்ற உயர்நயமன்ற நடுவர் அரிபரந்தாமன் அவர்களையே வாயிலில் தடுத்தனர். தமிழகமே கொதித்தது. அடுத்த திங்களிலேயே, வேட்டி உடுத்தியோரை இத்தகைய இடங்களில் தடுத்தல் குற்றமெனச் சட்டமன்றம் சட்டம் இயற்றியது. சட்டம் வாயிலைத் திறந்துவிட்டது. நெஞ்சிலுள்ள நாணத்தை நாமேதான் நீக்கிக்கொள்ள வேண்டும்.

இனிப் பரிசு. ஒரே மணவீட்டில் ஐந்து சுவர் மணிப்பொறிகள் வந்து குவிவதையும், அவற்றில் மணமக்கள் பெயரினும் கொடுத்தவர் பெயர் பெரிதாக எழுதப்பட்டிருப்பதையும் பலமுறை கண்டிருக்கின்றோம். அது பரிசன்று, விளம்பரம். தொழிற்பேட்டையருகே ஒற்றையறை வாடகைக்கு எடுத்துக் குடிபுகும் இளந்துணைவர்க்கு என்ன வேண்டும்? விரித்துறங்க ஒரு கோரைப்பாய், நீர் வைக்க ஒரு குடம், பணிக்குச் சோறு கொண்டுசெல்ல இரண்டு அடுக்குக் கலங்கள். நால்வர் சேர்ந்து, வீட்டாரிடம் கேட்டு, தேவையான ஒன்றை வாங்கிக் கொடுப்பதிற் குறைவொன்றுமில்லை. தனியே கொடுக்க விரும்புவோர், தெளிவுரையோடு கூடிய திருக்குறளைக் கொடுக்கலாம். அதையும் வண்ணத்தாளிற் சுற்றாமல், பழவேற்காட்டுப் பெண்டிர் முடையும் பனையோலைப் பெட்டியில் வைத்துக் கொடுத்தால், நூலும் பயன்படும், பெட்டியும் பயன்படும், முடைந்த கைக்குக் கூலியும் சேரும். நூலின் முதற்பக்கத்தில் இரண்டு வரி வாழ்த்தை உன் கையாலேயே நல்ல தமிழில் எழுதுக. ஐந்து மணிப்பொறிகளும் ஓடாது நின்ற பின்னரும் அவ்விரண்டு வரி நிற்கும்.

மணவீட்டார்க்கும் ஒரு சொல். மொய் மேசையை வாயிலிலேயே போட்டு வருவோரை மறிக்காதீர். தொகையை ஒலிபெருக்கியிற் கூவாதீர். வாழ்த்திய வாயை வரவேற்றுப் பந்தியில் அமர்த்துங்கள். எழுத விரும்புவோர் பின்னர் எழுதட்டும். நும் மகனோடு பணி செய்யும் ஒடியரும் பீகாரியரும் அழைப்பை ஏற்று வந்தால், அவர்கள் எதை உடுத்தி வந்தாலும் அருகில் அமர்த்தி உணவிடுங்கள். முதன்முறை வரும் விருந்தினன் கூச்சத்தைப் போக்க வேண்டிய பொறுப்பு விருந்தினனுக்கு மட்டும் உரியதன்று.

நம் மாணாக்கர் சென்று வந்தார். தந்தையின் வேட்டி, தம்மிடமிருந்த வெள்ளைச் சட்டை, ஓலைப்பெட்டியில் ஒரு திருக்குறள், மொய் இருநூற்றொன்று. "பளபளப்புச் சட்டைக்காரர் நடுவில் நான் ஒருவன்தான் வேட்டி, ஐயா. முதலில் கூச்சமாக இருந்தது. மணமகன் என்னைப் பக்கத்தில் இழுத்து நிறுத்திப் படம் எடுத்துக்கொண்டான்" என்றார். கடன் இல்லை; பொய்யும் இல்லை.

இளைஞர்களே! கையிற் பொருளில்லை எனும் கரணியத்தால் எந்த மணவிழாவையும் தவிர்க்காதீர்கள். நெல்லும் பூவும் நீரும் நல்வாழ்த்தும் கொண்டு மணம் நடத்திய இனம் நம்முடையது. தூய உடையோடும் நிமிர்ந்த தலையோடும் செல்லுங்கள், நெஞ்சார வாழ்த்துங்கள், வயிறார உண்டு வாருங்கள்.