கத்தரிக்கோல் பிடித்தவர் யார்?

சினிமா பார்த்துவிட்டு வருகிறவர்களிடம் கேட்டுப் பாருங்கள். கதாநாயகன் யார்? உடனே சொல்வார்கள். பாட்டு எழுதியவர் யார்? அதையும் சொல்வார்கள். படத்தை வெட்டி ஒட்டியவர் யார்? விழிப்பார்கள்!

அவருக்கு எடிட்டர் என்று பெயர். படத்தொகுப்பாளர் என்றும் சொல்வதுண்டு.

எம்.ஏ.திருமுகம் அப்படிப்பட்டவர். எடிட்டராக இருந்து டைரக்டர் ஆனவர். சாண்டோ சின்னப்பா தேவரின் தம்பி. தேவர் 1956-ல் எடுத்த "தாய்க்குப்பின் தாரம்" படத்தை இவர்தான் டைரக்ட் செய்தார். எம்.ஜி.ஆர். நடித்த அந்தப் படத்தில் ஒரு காளையும் உண்டு. 1972-ல் வந்த "நல்லநேரம்" வரை, தேவர் பிலிம்சுக்காக எம்.ஜி.ஆரை வைத்து 16 படங்களை டைரக்ட் செய்தார் திருமுகம்.

"எல்லாம் ஒரே மசாலா. தாய், மகன், வில்லன், சண்டை. பாமரனின் காசைப் பிடுங்கும் வித்தை" என்று படித்தவர்கள் சிலர் முகம் சுளிப்பது உண்டு.

இதில் உண்மை இல்லாமல் இல்லை. 16 படங்களில் ஐந்தின் பெயரில் "தாய்" இருக்கிறாள்! கதைகளும் அண்ணன் தம்பி மாதிரிதான்.

ஆனால் அந்தப் படங்களைப் பார்த்தவர்கள் யார்? காரியாபட்டி அப்போது ராமநாதபுரம் மாவட்டத்தில் இருந்தது. அந்தப் பக்கத்து ஜனங்கள் பகலெல்லாம் காட்டில் வேலை செய்கிறவர்கள். சிவகாசிப் பக்கம் என்றால் தீப்பெட்டி ஆபீசில் வேலை. இரவில் டூரிங் கொட்டகையில் மணலைக் குவித்து அதன் மேல் உட்காருவார்கள். ஒரே மெஷின். ரீல் மாற்றும்போதெல்லாம் விளக்கு எரியும், முறுக்கு விற்பனை நடக்கும். விளக்கு அணைந்ததும் கதை மறுபடி பிடித்து இழுக்க வேண்டும். இல்லாவிட்டால் களைத்துப்போன ஆள் மணலிலேயே தூங்கிவிடுவான். அவனைத் தூங்கவிடாமல் வைத்திருப்பது லேசான வேலையா?

ஒட்டுவதில் இருக்கிறது சூட்சுமம்

கதாநாயகன் சிறுத்தையோடு சண்டை போடுகிறான். சிறுத்தை பாய்கிறது. இது ஒரு துண்டு. கதாநாயகன் திரும்புகிறான். இது இன்னொரு துண்டு. இரண்டையும் வேறு வேறு நாளில் எடுத்திருக்கலாம். ஒட்டிய பிறகு, சிறுத்தை அவன் மேலேயே பாய்கிறது! கொட்டகையில் தாய்மார்கள் "ஐயோ" என்கிறார்கள்.

பிலிமில் ஒரு வினாடிக்கு 24 சிறு படங்கள் ஓடும். அதில் ஆறு படம் கூடினால் பாய்ச்சல் சொத்தையாகிவிடும். ஆறு குறைந்தால் என்ன நடந்தது என்றே புரியாது. சிவகாசி வெடிக்குத் திரி வைப்பது மாதிரிதான். நீளமும் கூடாது, குட்டையும் கூடாது.

பிலிம் விலை உயர்ந்த சரக்கு. மூன்று மணி நேரப் படத்துக்குச் சுமார் 16 ஆயிரம் அடி வேண்டும். வீணாவது தனி. வெட்டத் தெரிந்தவர் டைரக்டராக நின்றால், எது கத்தரிக்கோலுக்குப் போகும் என்பது படம் எடுக்கும்போதே அவருக்குத் தெரியும். முதலாளிக்கு இதைவிட லாபம் ஏது?

திருமுகம் பம்பாய்ப் பக்கமும் போனார். 1971-ல் "ஹாத்தி மேரே சாத்தி" என்ற இந்திப் படத்தை டைரக்ட் செய்தார். ராஜேஷ் கன்னாவும் யானைகளும் நடித்த அந்தப் படம் வடக்கே சக்கைப்போடு போட்டது. மொழி வேறு. ஆனால் யானை எப்போது வர வேண்டும், எப்போது போக வேண்டும் என்ற கணக்கு ஒன்றுதான்.

இவர் மட்டும் அல்ல. "பாசமலர்" எடுத்த ஏ.பீம்சிங், "ஆலயமணி" எடுத்த கே.சங்கர் ஆகியோரும் எடிட்டிங் அறையிலிருந்து வந்தவர்களே.

இப்போது பிலிமும் இல்லை, பசையும் இல்லை. எல்லாம் கம்ப்யூட்டர். பிலிம் செலவு இல்லை என்பதால் கணக்கில்லாமல் எடுத்துத் தள்ளுகிறார்கள். அந்தக் குவியலில் இருந்து கதையைத் தேடி எடுப்பதும் எடிட்டர் தலையில்தான் விழுகிறது. அவர் பெயரோ, சுவரொட்டியின் அடியில் எறும்பு எழுத்தில் கிடக்கிறது. காரியாபட்டி பஸ் நிலையத்தில் நிற்பவர் எட்டடி தூரத்தில் இருந்து படிக்கும்படி அதைப் பெரிதாகப் போட்டால் என்ன? கதாநாயகனின் மீசையில் பாதி இடம் போதும்.