ஏடும் சோதனைச்சாலையும்

"பழைய ஏடு புரட்டுவது தமிழ்த்துறையார் வேலை, நமக்கு அதில் என்ன?" என்று விஞ்ஞான மாணவர்களாகிய நம்மில் பலர் எண்ணுகிறோம். எனக்கு இதில் உடன்பாடில்லை.

கும்பகோணம் கல்லூரியில் தமிழாசிரியராக இருந்த உ.வே. சாமிநாதையர் 1887இல் சீவக சிந்தாமணியைப் பதிப்பித்த வரலாற்றைப் பாருங்கள். அவர் திருவாவடுதுறைச் சைவ மடத்தில் பயின்றவர்; நூலோ சமணருடையது. 1880இல் சேலம் இராமசுவாமி முதலியார் தூண்டிய பின்னரே அதில் இறங்கினார். பல ஊர் ஏடுகளைத் தேடித் தொகுத்து, ஒன்றோடொன்று ஒப்பிட்டு, பாடபேதங்களைக் குறித்தார். விளங்காத சமயக் கருத்துக்களைத் தாமே ஊகித்து எழுதிவிடாமல், சமணர்களிடமே சென்று கேட்டறிந்தார். நாம் சோதனைச்சாலையில் ஒரே அளவை மும்முறை எடுத்துச் சரிபார்ப்பதற்கும் இதற்கும் என்ன வேற்றுமை? (முதல் அளவைப் பார்த்தே மற்ற இரண்டையும் எழுதிவிடும் நண்பர்கள் மன்னிக்க!)

மடங்களிலும் சில வீடுகளிலும் முடங்கிக் கிடந்த நூல் அச்சேறியதால்தான், எழுத்தறியாக் குடும்பத்தில் பிறந்த என் கைக்கும் எட்டியது. இந்தக் கடனை நான் எப்படி 'அவர்கள் துறை' என்று தள்ளுவேன்?

தஞ்சை சரசுவதி மகாலில் தமிழ் மருத்துவ ஏடுகளும் உள்ளன. அவற்றில் வரும் மூலிகை எதுவென்று அடையாளங்காணத் தாவரவியல் மாணவன் வேண்டாமா?