ஆயாக்கொட்டகைக்கு ஆள் எடுக்கும்போது நாம் கேட்ட கேள்வி

வெள்ளிக்கிழமை பூஜை முடிந்து அன்னதானம் போடும்போது ஆரம்பித்த பேச்சு இது. அங்கே முடியவில்லை, அதனால் இங்கே எழுதுகிறோம். கொஞ்சம் நீளம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நம் கோயில் மண்டபத்தை ஒட்டி நடக்கும் பிள்ளைப் பராமரிப்புக்கு மறுபடியும் ஒரு ஆள் எடுக்கப் போகிறோம். போன தடவை நடந்தது பலருக்குத் தெரியாது. இரண்டு பெண்கள் வந்தார்கள். ஒருத்தர் எஸ்.பி.எம். முடித்து, பராமரிப்புப் பயிற்சியும் எடுத்தவர். நேர்முகத்தில் நம்ம ஆள் ஒருத்தர், "முழுகாம இருக்கியாம்மா?" என்று கேட்டுவிட்டார். அந்தப் பொண்ணு உண்மையைச் சொன்னது. "பிறகு சொல்றோம்" என்றோம். சொல்லவே இல்லை. கமிட்டிக்காரர் ஒருவரின் சொந்தத்தில் இருந்த இன்னொரு பெண்ணை எடுத்தோம். மூன்றே மாதம், அவரும் போய்விட்டார். கேட்டவரை மட்டும் குறை சொல்ல முடியாது. மற்ற நாலு பேரும் தலையை ஆட்டிக்கொண்டுதான் உட்கார்ந்திருந்தோம்.

இதே கேள்வி நம் நாட்டில் பெரிய வழக்காகவே போயிருக்கிறது. 2009 ஜனவரியில் உலு லங்காட்டில் நூர்ஃபாடில்லா என்பவருக்குத் தற்காலிக ஆசிரியர் வேலை கிடைத்தது. மாவட்டக் கல்வி அலுவலகத்தில், யாராவது கர்ப்பமாக இருக்கிறீர்களா என்று கேட்டார்கள். ஆமாம் என்றார். கொடுத்த கடிதத்தைத் திரும்ப வாங்கிக்கொண்டார்கள். அவர் சும்மா இருக்கவில்லை, கோர்ட்டுக்குப் போனார். 2011 ஜூலையில் ஷா ஆலாம் உயர்நீதிமன்ற நீதிபதி ஸலேஹா யூசோஃப், இது அரசியலமைப்புச் சட்டம் 8(2)க்கு விரோதம் என்று தீர்ப்பளித்தார். ஆண் பெண் பாகுபாடு கூடாது என்ற வார்த்தையே அந்தப் பிரிவில் 2001இல்தான் சேர்ந்தது. கர்ப்பம் பெண்ணுக்கு மட்டும் வருவது. அதைக் காட்டி வேலையைப் பிடுங்கினால், பெண் என்பதற்காகப் பிடுங்கியதுதானே? இழப்பீடு முதலில் 300,000 வெள்ளி என்றார்கள், பிறகு 30,000 ஆகக் குறைந்தது.

"அது கவர்மெண்ட் வேலைங்க, நமக்கு ஒட்டாது" என்றார் ஒரு கமிட்டிக்காரர். உண்மைதான். கர்ப்பமானதால் வேலை போன விமானப் பணிப்பெண் பியாட்ரிஸ் ஃபெர்னாண்டஸ் வழக்கில், அரசியலமைப்பு தனியார் முதலாளியைக் கட்டாது என்று கூட்டரசு நீதிமன்றம் 2005இல் சொல்லிவிட்டது. 2023 ஜனவரியில் நடப்புக்கு வந்த வேலைச் சட்டத் திருத்தத்தில் பாகுபாட்டுப் புகாரைத் தொழிலாளர் இலாகா விசாரிக்கலாம். ஆனால் அதுவும் வேலையில் இருக்கிறவரைப் பற்றித்தான் பேசுகிறது. வேலை கேட்டு வந்து வாசலோடு திரும்பியவருக்கு அதில் இடம் எங்கே?

ஆக, நம்மை யாரும் பிடிக்க முடியாது. அதனால்தான் பயமாக இருக்கிறது.

தோட்டத்தில் பிறந்தவர்களுக்கு ஆயாக்கொட்டகை ஞாபகம் இருக்கும். விடியுமுன் அம்மா நம்மைத் தூளியில் போட்டுவிட்டுப் பால்மரத்துக்குப் போவார். ஆயாவாக யாரை வைப்பது என்பது மேலே இருக்கிறவர்கள் இஷ்டம், யாரும் காரணம் கேட்டதில்லை. ஆனால் ஒன்று, பிள்ளை பெற்று வளர்த்த கைதான் அங்கே தகுதி. இன்றைக்கு அதே கைக்கு வேலை இல்லை என்கிறோம்!

பேக்டரியில் ஒரு ஆப்பரேட்டரை வேண்டாம் என்றால்கூட காரணத்தை பாரத்தில் எழுதி வைக்கிறோம். கோயிலில் ஏன் முடியாது? சொந்தக்காரர் விண்ணப்பித்தால் அந்தக் கமிட்டிக்காரர் எழுந்து வெளியே போகட்டும். வேலை காலி என்பதை வாட்சப்பில் மட்டும் போடாமல் நோட்டீஸ் போர்டிலும் ஒட்டுவோம்.

நம் பிள்ளைகளுக்கும் ஒரு வார்த்தை. வேலையை விட்டு நிறுத்தினால் 60 நாளுக்குள் தொழில் உறவு இலாகாவில் மனு கொடுக்க வேண்டும். அரசாங்க அலுவலகத்தின் முடிவென்றால் கோர்ட்டில் மறுஆய்வு கேட்க 3 மாதம். "போகட்டும், கடவுள் பார்த்துக்குவார்" என்று உட்கார்ந்தால் நாள் ஓடிவிடும்.

போன ஞாயிறு அந்தப் பொண்ணு வீட்டுக்குப் போனோம், மறுபடி விண்ணப்பம் போடச் சொல்லி. குழந்தை நடக்க ஆரம்பித்துவிட்டது. மாமியார் தேத்தண்ணி கொடுத்தார், உட்காரச் சொன்னார். அந்தப் பொண்ணு மட்டும், "இந்தத் தடவை என்ன கேப்பீங்க அங்கிள்?" என்றது.