எதை வெட்டச் சொல்லுறீங்கள்?

ஷின்ஜி அவோயாமாவின் 'யுரேகா' (2000) பற்றிக் கதை எடுத்தாலே ஒரே பதில்தான் வருது: "நல்ல படம்தான் மச்சான், ஆனா சரியான ஸ்லோ. ஒரு மணித்தியாலத்த வெட்டியிருக்கலாம்." 217 நிமிடத்தில் எதை வெட்டுறது என்று நாங்கள் கேட்டால் ஒருத்தரிட்டயும் பதில் இல்லை.

கியூஷூவில் ஒரு பஸ் கடத்தப்படுகிறது. பயணிகள் கொல்லப்படுகிறார்கள். கடத்தியவனைப் பொலிஸ் சுடுகிறது. மிஞ்சுவது சாரதி மகோடோ, பள்ளிக்கூடப் பெடியன் நவோகி, அவன் தங்கச்சி கொசுயே. வேறொருவர் இதையே முழுப்படமாக எடுத்திருப்பார். அவோயாமா இதைத் தொடக்கத்திலேயே முடித்துவிடுகிறார். மிச்சம் முழுக்க அதற்குப் பிறகுதான்.

மகோடோ ஊரை விட்டுப் போய் இரண்டு வருசம் கழித்து வருகிறார். அவர் செய்த ஒரே குற்றம் உயிர் தப்பினது. ஊரில் பெண்கள் கொல்லப்படும்போது பொலிசும் அவரைத்தான் சந்தேகிக்கிறது. தாய் தகப்பன் இல்லாமல் தனிய இருக்கும் பிள்ளைகள் கதைப்பதையே விட்டுவிட்டார்கள். அவர்களோடு போய் இருக்கும் மகோடோ, பிறகு ஒரு பஸ்ஸை வாங்கி அவர்களை ஏற்றிக்கொண்டு கிளம்புகிறார். இதைத்தான் கெதியா முடிக்கச் சொல்கிறோம்.

"நடந்தது நடந்துபோச்சு, இனி ஆகவேண்டியதைப் பாருங்கோ" என்று துக்கவீட்டில் சொல்லுவோமே, அதே அவசரம்தான் இது. படத்துக்குள்ளும் அப்படி ஒருத்தன் இருக்கிறான்: சொந்தக்காரப் பெடியன் அகிஹிகோ. (முடிவு தெரியக்கூடாது என்பவர்கள் இதோடு நிறுத்தலாம்.) கொலைகளைச் செய்தது நவோகி என்று தெரிந்த பிறகு, அவன் உள்ளே இருக்கிறதுதான் நல்லது என்ற மாதிரிக் கதைக்கிறான். மகோடோ அவனை அடித்துப் பஸ்ஸால் இறக்கிவிடுகிறார். பாதிக்கப்பட்டவன் என்பதற்காகப் படம் நவோகியின் கொலைகளை நியாயப்படுத்தவில்லை. ஆனால் அவனை உதறித் தள்ளவும் விடவில்லை. அந்த இடத்தில் இறக்கிவிடப்படுவது பார்க்கிற நாங்களும்தான்.

ஸ்லோவா எடுத்ததெல்லாம் கலையாகிவிடாது, அது எங்களுக்கும் தெரியும். ஆனால் இங்கே காத்திருப்புக்குப் பலன் இருக்கு. பொலிஸ் கூண்டின் சுவரில் மகோடோ தட்ட, அடுத்த பக்கத்திலிருந்து பதில் தட்டு வருகிறது. பிறகு பஸ்ஸுக்குள்ளும் அதே தட்டல்தான் பேச்சு. அதற்கு முந்திய மௌனத்தை வெட்டினால் அது வெறும் சத்தம். கடைசியில் கொசுயேயின் குரல் கேட்கிறது, மங்கல் பழுப்பாகவே ஓடிய படத்துக்கு நிறம் வருகிறது. ஒரு மணித்தியாலம் முந்தி வந்திருந்தால் அந்த நிறத்தை நாங்கள் கவனித்தே இருக்கமாட்டோம்.

திரும்ப ஒருக்காப் பாருங்கோ. ஃபோனைத் தள்ளி வச்சிட்டு.