கைகாட்டிப் பயணமும் அச்சத்தின் அரசியலும்

வீதியோரத்தில் நின்று கைகாட்டி, வழிவரும் வாகனமொன்றிலே கட்டணமின்றி இடம்பெற்றுச் செல்லும் பயணமுறையை ஒரு சாரார் கட்டற்ற சுதந்திரத்தின் சின்னமெனப் போற்றுவர். மறு சாரார் கொலைக்கும் கொள்ளைக்கும் வழிகோலுவதெனத் தூற்றுவர். இரு சாராரும் இழைக்கும் தவறு ஒன்றே. ஏறுபவரையும் ஏற்றுபவரையும் சமூகத்திலிருந்து பிரித்தெடுத்து, இரு தனிமனிதரின் துணிவாகவோ பேதைமையாகவோ மட்டும் இதனைக் காண்கின்றனர்.

ஆபத்துக் கற்பனையன்று. அவுஸ்திரேலியாவில் 1989க்கும் 1992க்கும் இடையில் இளம் பயணிகள் எழுவர் ஐவன் மிலாட் என்பவனாற் கொல்லப்பட்டனர். மனிதர் மீதான நம்பிக்கையை மெய்ப்பிக்கவென 2008இல் மணப்பெண் கோலத்தில் மிலானிலிருந்து ஜெரூசலேம் நோக்கிப் புறப்பட்ட இத்தாலியக் கலைஞர் பிப்பா பாக்கா, துருக்கியிற் கொலையுண்டார். அவர் நம்பியதே குற்றமென்போர் இன்றும் உளர். பாதிக்கப்பட்ட பெண்ணையே கூண்டிலேற்றும் பழைய குரல் அது. அதற்கு மறுமொழி கூறுவதும் வீண்.

ஆயின் அச்சத்துக்கும் ஒரு வரலாறு உண்டு. 1943இல், பெற்றோலையும் ரப்பரையும் சேமிக்க வேண்டியிருந்தபோது, காரிலே தனித்துச் செல்பவன் ஹிட்லரோடு செல்கிறான் எனச் சுவரொட்டி அடித்தது அமெரிக்க அரசு. போர் முடிந்தபின், ஹூவரின் தலைமையிலிருந்த அதே அரசின் புலனாய்வுத்துறை, வீதியில் கைகாட்டுபவன் கொலைகாரனாயிருக்கலாம் என மற்றொரு சுவரொட்டி அடித்தது. ஒரு தலைமுறைக்குள் மனித இயல்பு மாறிவிட்டதா? அரசின் தேவையே மாறிற்று.

மாற்றுவழி இல்லாமலில்லை. போலந்தில் 1958 முதல் இப்பயணம் அரச ஆதரவுடன் ஒழுங்கமைக்கப்பட்டது. பெயர் பதிந்த பயணிக்குக் கூப்பன்கள் கொண்ட கைப்புத்தகம் கிடைக்கும். சென்ற தூரத்துக்கேற்ப அவர் கூப்பன்களைக் கிழித்துக் கொடுப்பார். அவற்றைச் சேர்த்தனுப்பும் ஓட்டுநர் பரிசுக் குலுக்கலிற் பங்குபெறுவார். 1991இல் சோவியத் ஒன்றியம் சிதைந்தபின் எரிபொருளின்றித் தவித்த கியூபாவிலோ, மஞ்சள் சீருடை அலுவலர் வீதியில் நின்று, இடமிருந்த அரச வாகனங்களை மறித்து, வரிசையிற் காத்திருந்தோரை ஏற்றிவிட்டனர். வறுமை பெற்ற பிள்ளையென இதனை எள்ளுவோர் உளர். வறுமைதான், எனினும், அங்கு வெற்றிருக்கை பொதுச்சொத்தாயிற்று. ஓட்டுநரின் இரக்கத்தை எவரும் இரந்து நிற்கவில்லை.

பெயர்ப்பதிவும் பொறுப்பும் இருப்பின் அந்நியரோடு பயணிக்கலாம் என்பதை இன்று வணிக உலகமும் ஒப்புக்கொண்டுள்ளது. 2006இல் பிரான்சில் தோன்றி, பிளாபிளாகார் எனும் பெயரில் இயங்கும் நிறுவனம் அதனையே விற்பனை செய்கிறது. கைகாட்டி நிற்கும் மாணவனைக் கண்டு ஆபத்தெனக் கூவுவோர், இடையில் ஒரு நிறுவனம் தரகு பெறும்போது மட்டும் வாய் திறப்பதில்லை.